கூரையில் ஏறிய கட்டில்

தெசிரே வீட்டுக் கூரையில் ஒரு இரட்டைக் கட்டில் கிடந்தது. அதில் ஏழு பிள்ளைகள் தலைமாடு கால்மாடாகப் படுத்திருந்தார்கள். கடைசிப் பிள்ளையின் கக்கத்தில் ஓர் ஆட்டுக்குட்டி.

தெசிரே முட்டைக்கோஸ் பாத்திக்கு நடுவில் நின்று அண்ணாந்து பார்த்தார்.

"இறக்குங்க," என்றார்.

"ஒரே ஒரு ஷாட், முசியே தெசிரே," என்றான் டைரக்டர் பாஸ்கால். சவரம் காணாத முகம், தூக்கம் காணாத கண், ஜூன் மாதத்திலும் கழுத்தில் மப்ளர். "வெயில் அந்தத் தலையணையில விழற வரைக்கும் பொறுத்துக்கங்க."

"வெள்ளிக்கிழமையோட முடிஞ்சிடும்னு சொன்னீங்க."

"மழை வந்திடுச்சே."

"மழை வந்த அதே வானத்துலதான் தம்பி இன்னிக்கு என் புறா வருது. வந்து எங்க இறங்கும்? ஆட்டுக்குட்டி தலையிலயா?"

ஆட்டுக்குட்டி மேலிருந்து "மே" என்றது.

அன்று ஞாயிற்றுக்கிழமை. விடியும்போதே தெற்கே பூர்ஜ் ஊரில் பந்தயப் புறாக்களின் கூடைகளைத் திறந்துவிட்டிருப்பார்கள். புறாக்கள் வடக்கே, இந்தச் சுரங்கக் குடியிருப்புகளைப் பார்த்துக் கிளம்பியிருக்கும். இப்படிப்பட்ட ஞாயிறுகளில் ஏழாம் எண் குடியிருப்பில் ஒருவரும் தோட்டத்தில் துணி உலர்த்த மாட்டார்கள். ரேடியோ பேசாது. நாய்களைக் கட்டிப்போட்டிருப்பார்கள். சிவப்புச் சட்டை வைத்திருப்பவன் அதை அலமாரியிலேயே விட்டுவிடுவான். அத்தனை தூரம் பறந்து வந்த புறா ஏதோ ஒன்றைப் பார்த்து மிரண்டு, இறங்காமல் வட்டம் போட்டால் போச்சு. அது இறங்க வேண்டும். அதன் காலில் மாட்டியிருக்கும் ரப்பர் வளையத்தைக் கழற்ற வேண்டும். பந்தயக் கடிகாரத்தின் வாயில் அதைப் போட்டுத் திருக வேண்டும். கடிகாரம் குத்திவைக்கிற நேரம்தான் நேரம். அதுவரைக்கும் புறா உங்கள் தலைக்கு மேலேயே பறந்தாலும் அது இன்னும் வரவில்லை என்றுதான் அர்த்தம்.

அந்த வீதியில் புறா வளர்த்தவர்கள் இரண்டே பேர். இந்தக் கோடியில் தெசிரே, அந்தக் கோடியில் ஸ்தாஷ். ஸ்தாஷின் அப்பா போலந்திலிருந்து வந்தவர். தெசிரேயும் ஸ்தாஷும் பூமிக்கடியில் ஒரே வண்டியைத் தள்ளியவர்கள், ஒரே ரொட்டியைப் பிட்டுத் தின்றவர்கள். ஆனால் பூமிக்கு மேலே வந்துவிட்டால் கதையே வேறு. பூர்ஜ் பந்தயக் கோப்பை வருஷா வருஷம் ஸ்தாஷுக்குத்தான். அதைக் கையில் பிடித்துக்கொண்டு, வேண்டுமென்றே சுற்று வழியில் தெசிரே வீட்டு வாசலுக்கு வந்து, "மூச்சு வாங்குதா தெசிரே? உன் புறாவுக்கும் இதே வியாதிதான்," என்று ஒரு வார்த்தை விட்டுவிட்டுத்தான் வீட்டுக்குப் போவார்.

மூச்சு வாங்கத்தான் செய்தது. "நெஞ்சு நிறைய நிலக்கரித் தூசி கிடக்கு. அதுக்கு மேல புறாத் தூசியும் எதுக்கு? இந்த சீசனோட எல்லாத்தையும் கொடுத்துடுங்க," என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆக, இதுதான் தெசிரேயின் கடைசி பூர்ஜ். அவரிடம் நீலி என்று ஒரு பெட்டை இருந்தது. சாம்பல் நீலம், கழுத்தில் பச்சை மினுக்கம், பார்வையில் கொஞ்சம் கர்வம். அவளை வைத்து ஒரே ஒரு தடவை ஸ்தாஷின் முகம் தொங்குவதைப் பார்த்துவிட வேண்டும். அப்புறம் கூண்டைப் பிரித்து விறகாக்கினாலும் சம்மதம். மனிதருக்கு வேறு பெரிய ஆசை எதுவும் கிடையாது.

சினிமாவுக்கு வீட்டைக் கொடுத்தது அவர் மனைவி லியோனி. ஒழுகுகிற கூரைத் தகரத்தை மாற்றித் தருகிறோம் என்றார்கள், அவளுக்கு ஒரு வேஷமும் தருகிறோம் என்றார்கள். இரண்டாவதைக் கேட்ட பிறகு அவள் முதலாவதைப் பற்றி நினைக்கவே இல்லை.

படம், ஏழை வீட்டில் வளர்ந்த ஒரு பிள்ளையின் கதை. ஆனால் நேராகச் சொல்கிற கதை இல்லை. காய்ச்சல் கண்ட பிள்ளையின் கனவு மாதிரி இருக்கும். அதில் தாத்தா செத்துப்போவார். செத்ததைச் சுரங்கக் கம்பெனிக்குச் சொல்லாமல், ஜன்னலோரம் நாற்காலியில் உட்காரவைத்து, வாயில் சுருட்டையும் செருகி, அவர் பங்கு நிலக்கரியை மாசாமாசம் வாங்கிக்கொண்டிருப்பார்கள். அப்பா பசி தாங்காமல் கதவைத் தின்பார்.

"நாங்களும் ஏழைங்கதான். எங்க வீட்டுல ஒருத்தரும் கதவைத் தின்னதில்லை," என்று லியோனி முதல் நாளே சொல்லிவிட்டாள்.

"எங்க வீட்டுல அடுப்பு தின்னுச்சு மதாம்," என்றான் பாஸ்கால். "ஒரு குளிர்காலத்துல ஒவ்வொரு கதவா வெட்டிப் போட்டோம். காலையில எழுந்து பார்த்தா கதவு இருக்காது, அப்பா மட்டும் உட்கார்ந்திருப்பார். அவர்தான் தின்னுட்டார்னு நான் ரொம்ப நாள் நினைச்சிருந்தேன்."

"கூரையில கட்டில் எதுக்கு?"

"ஒரே கட்டில்ல ஏழு பேர் படுத்திருந்தோம். எனக்கு மூச்சு முட்டும். கட்டிலை மட்டும் மேல தூக்கி வெச்சுட்டா எவ்வளவு இடம்னு நினைச்சுப்பேன்."

 அன்றிலிருந்து லியோனி தினமும் அவனுக்கு ஒரு தட்டு சூப் தனியாக எடுத்துவைத்தாள்.

இப்போது தெசிரே சொன்னதைக் கேட்டு பாஸ்காலுக்கும் மனசு இளகிற்று. "சரி, என்ன செய்யணும் சொல்லுங்க."

"மேலேயிருந்து பார்த்தா என் வீடு என் வீடு மாதிரி தெரியணும். அவ்வளவுதான்."

இருவரும் ஒருமுறை சுற்றிப் பார்த்தார்கள். அது யார் வீடு மாதிரியும் இல்லை. கூரையில் கட்டில். ஜன்னல் கண்ணாடிகளிலெல்லாம் வெள்ளிக் காகிதம். படத்தில் ஜன்னல்கள்தான் நிலா. தோட்டத்து மூலையில் கிடந்த நிலக்கரிக் குவியல் சுண்ணாம்பு அடித்து வெள்ளைவெளேரென்று நின்றது; படத்தில் அது பனி.

"நிலக்கரிக்கு வெள்ளையடிச்ச முதல் ஆள் நீதான்யா இந்த ஊர்ல," என்றார் தெசிரே. "அந்தக் கறுப்புக் குவியல்தான் நீலிக்கு அடையாளம். அதுக்கு நேரா வந்து இடது பக்கம் திரும்புவா."

"வர இன்னும் நேரம் இருக்கில்ல?" என்றாள் சொலாஞ்ச். ஜோடனை வேலையெல்லாம் அவள் பொறுப்பு; சுண்ணாம்பு அடித்ததும் அவள்தான்.

 தெசிரேயின் வாய் பிளந்திருந்தது. தெற்கே, பழைய சுரங்க மண்மேட்டுக்கு மேலே, ஒரு மிளகு அளவுக்குப் புள்ளி.

"வந்துட்டா," என்றார். அப்புறம் கத்தினார்: "வந்துட்டாடீ லியோனி! ஒண்டியா வரா! முதல் ஆளா வரா!"

நீலி மண்மேட்டைத் தாண்டினாள், வீதிக்கு நேராக இறங்கினாள், இறக்கையை மடக்கினாள். கட்டிலைப் பார்த்தாள். சட்டென்று மேலே ஏறிவிட்டாள்.

"யாரும் அசையாதீங்க!"

சினிமாக்காரர்கள் இருந்த இடத்திலேயே உறைந்தார்கள். விளக்குப் பிடித்தவன் ஒற்றைக் காலில் நின்றான். கூரையில் ஏழு பிள்ளைகளும் மூச்சைப் பிடித்துக்கொண்டார்கள். ஆட்டுக்குட்டிக்கு மட்டும் யாரும் விளக்கிச் சொல்லவில்லை. அது "மே" என்றது. நீலி இன்னும் ஒரு பனை உயரம் ஏறினாள்.

"கட்டிலை இறக்குங்க! மெதுவா!"

பிள்ளைகள் ஏணி வழியாக இறங்கினார்கள். கட்டிலைக் கயிற்றில் கட்டி இறக்கினார்கள். பாதி வழியில் கயிறு கப்பியில் சிக்கிக்கொண்டது. கட்டில் புறாக்கூண்டின் வாசலுக்கு நேரே வந்து நின்று, கோயில் மணி மாதிரி ஆடத் தொடங்கியது.

"இதுக்குக் கூரையிலேயே இருந்திருக்கலாம்," என்றார் தெசிரே, நெஞ்சைப் பிடித்துக்கொண்டு.

வெயில் ஏறியது. ஏறின வெயில் வெள்ளிக் காகிதத்தில் பட்டுப் பளீரென்று வானத்தில் அடித்தது. நீலி வட்டத்தை அகலமாக்கினாள்.

"அந்தக் காகிதத்தைக் கிழி!"

"வராது," என்றாள் சொலாஞ்ச், அழாத குறையாக. "நல்ல பசையா வாங்கினேன்."

"அப்போ வெளிக்கதவுகளைச் சாத்து! முன்பக்கம், பின்பக்கம், எல்லா ஜன்னலுக்கும்!"

சொலாஞ்ச் ஓடினாள். மரக் கதவுகள் ஒவ்வொன்றாகப் படார் படாரென்று சாத்திக்கொண்டன.

"நிலக்கரிக்கு என்ன பண்றது?" என்றான் பாஸ்கால்.

"கறுப்புத் துணி போட்டு மூடணும். லியோனி! உன் துக்க உடுப்பு, பாவாடை, சால்வை, எல்லாத்தையும் கொண்டா!"

"என்னோடது ஒரு மூலைக்குத்தான் காணும்."

"போய்க் கேளுடி நாலு வீட்டுல!"

லியோனி ஓடினாள். ஒன்றை மட்டும் அவள் மறந்துபோனாள். காலையிலேயே அவளுக்கு வேஷம் போட்டாயிற்று. ஏழைத் தாய் வேஷம். முகத்தில் மாவு மாதிரி வெள்ளை, கண்ணைச் சுற்றிக் கரி, ஒட்டிப்போன கன்னம், கன்னத்தில் இரண்டு கண்ணீர்த் தாரை. பெயின்ட்தான், ஆனால் அழியாத ரகம்.

எதிர்வீட்டு அதேல் கதவைத் திறந்தாள், அந்த முகத்தைப் பார்த்தாள், கையிலிருந்த உருளைக்கிழங்கைக் கீழே போட்டாள்.

"அதேல், கறுப்பா எது இருந்தாலும் குடு. சீக்கிரம்."

"ஐயோ, யாருக்குடி?"

"தெசிரேவுக்குத்தான். நிக்காத, நேரமில்லை!"

"எப்படிடி ஆச்சு?"

"எல்லாம் அந்த சினிமாக்காரங்களால. நான் சொன்னா யார் கேட்கறா? நீயும் மத்தவங்ககிட்ட சொல்லி அனுப்பு."

கையில் கிடைத்த கறுப்பை அள்ளிக்கொண்டு, வழியில் இன்னும் இரண்டு மூன்று வீட்டிலும் வாங்கிக்கொண்டு லியோனி திரும்பி ஓடினாள். அதேல் வாசலுக்கு வந்து எதிர்வீட்டைப் பார்த்தாள். பட்டப்பகலில் அத்தனை ஜன்னலும் சாத்தியிருந்தது.

சினிமாவுக்காக ஆட்டைக் கூரையில் ஏற்றலாம், தாத்தாவை நாற்காலியில் கட்டலாம். அந்த வீதிக்கு அதெல்லாம் இந்த மூன்று வாரத்தில் பழகிப்போயிருந்தது. ஆனால் பகலில் ஜன்னல் சாத்துவது துக்க வீட்டில் மட்டும்தான். அதில் யாரும் விளையாட மாட்டார்கள். அதேல் சிலுவைக்குறி போட்டுக்கொண்டாள். பிறகு இடுப்பில் கட்டியிருந்த சமையல் துணியை அவிழ்த்து எறிந்துவிட்டு அடுத்த வீட்டுக் கதவைத் தட்டப் போனாள்.

இதொன்றும் தெரியாமல், இங்கே கயிறு ஒருவழியாக விடுபட்டது. கட்டில் முட்டைக்கோஸ் பாத்தியின் மேல் தொம்மென்று உட்கார்ந்தது.

"என் கோஸ்!" என்றாள் அப்போதுதான் வந்து சேர்ந்த லியோனி.

"கோஸ் கிடக்கட்டும். குவியலை மூடு."

மூடினார்கள். லியோனியின் பாவாடை, அதேலின் சால்வை, யாரோ மாமியாரின் முக்காடு. குவியல் கறுப்பாயிற்று. நீலி ஒரு வட்டம் இறங்கினாள். தெசிரேவுக்கு அண்ணாந்து அண்ணாந்து கழுத்து மரத்துவிட்டது. ஓடியதில் மூச்சும் விசிலடித்தது. கட்டிலில் உட்கார்ந்தார். உட்கார்ந்தவர் அப்படியே மல்லாந்து படுத்தார். படுத்துக்கொண்டு பார்ப்பது எவ்வளவு சுகம்!

"முசியே தெசிரே, உங்க கால்சட்டைத் தோள்வார் சிவப்பு," என்று கிசுகிசுத்தாள் சொலாஞ்ச்.

"மூடு, மூடு!"

அவள் ஒரு சாம்பல் கம்பளியை எடுத்துக் கழுத்துவரை மூடினாள். கம்பளிக்குள்ளே அவர் கை, நீலியைக் கூப்பிட்டு இறக்கக் குலுக்கும் மக்காச்சோள டப்பாவைப் பிடித்திருந்தது. காது மட்டும் வீதியின் அந்தக் கோடியில் இருந்தது. புறா வந்தால் ஸ்தாஷ் அடிக்கிற சீழ்க்கை சர்ச்சுக்குக் கேட்கும். இதுவரை ஒரு சத்தமும் இல்லை. இன்னும் வரவில்லை அவன் புறா! இன்னும் நேரம் இருக்கிறது!

அப்போது தோட்டத்துப் படல் திறந்தது.

முதலில் அதேல் வந்தாள், கையில் பூவோடு. பின்னால் வீதியே வந்தது. பெண்கள் கையில் கிடைத்த கறுப்பை மாட்டியிருந்தார்கள்; கறுப்பைக் கடன் கொடுத்துவிட்டவர்கள் ஊதா. ஆண்கள் தொப்பியைக் கழற்றி மார்பில் வைத்திருந்தார்கள்.

'யாருய்யா இந்த நேரத்துல' என்று கத்துவதற்குத் தெசிரே வாயைத் திறக்கப் போனார். அதற்குள் கூட்டம் கட்டிலைப் பார்த்துவிட்டது. கட்டிலில் கழுத்துவரை மூடிக் கிடந்த மனிதரைப் பார்த்துவிட்டது. அவ்வளவு பேரும் சட்டென்று அடங்கிப்போனார்கள். ஒருவரும் இருமவில்லை, ஒரு கால் நகரவில்லை. புறாக்காரனுக்கு வாழ்நாளில் கிடைக்காத அமைதி.

நீலி இன்னும் ஒரு வட்டம் இறங்கினாள்.

தெசிரேவுக்கு அப்போதுதான் விஷயம் புரிந்தது. புரிந்ததும், கோபம் வருவதற்கு முன்னால், ஒரு யோசனை வந்துவிட்டது. கண்ணை மூடிக்கொண்டார், இமையில் ஒரு கீற்று மட்டும் விட்டு. அந்தக் கீற்றின் வழியாக லியோனியைப் பார்த்து ஒற்றைக் கண்ணைச் சிமிட்டினார்.

முப்பத்தைந்து வருஷம் குடித்தனம் நடத்தியவள், புரிந்துகொண்டாள். அதோடு மூன்று வாரமாக ஒரு நல்ல காட்சிக்காகக் காத்திருந்தவள்.

"என் ராசாவே!" என்று ஓவென்று கதறினாள். "என்னை விட்டுட்டுப் போயிட்டியே!"

நீலி திடுக்கிட்டு மேலே ஏறினாள்.

"மெதுவா அழு சனியனே," என்றது பிணம், உதட்டை அசைக்காமல்.

லியோனி விம்மலாகக் குறைத்தாள். மூலையில் பாஸ்கால் கேமராக்காரனின் சட்டையைப் பிடித்து இழுத்தான். "ஓட்டு, ஓட்டு," என்று அவன் உதடு மட்டும் சொன்னது.

கூட்டத்தில் கிசுகிசுப்பு எழுந்தது. பிணத்துக்குக் காது கேட்கும் என்று யார் நினைக்கப்போகிறார்கள்?

"இப்பத்தான் போலிருக்கு. கலர்கூட மாறலை."

"உயிரோட இருந்தப்பவும் இதே கலர்தான்."

"நல்ல மனுசன். இரவல் வாங்கின மண்வெட்டியைத் திருப்பித் தர மாட்டான். மத்தபடி நல்ல மனுசன்."

"அந்த மண்வெட்டி இப்ப எங்க இருக்கும்? லியோனிகிட்ட கேக்கலாமா?"

"இப்பவா? அடக்கம் முடியட்டும்."

"பாவம், ஒரு தடவைகூட ஸ்தாஷை ஜெயிக்காமலே போயிட்டான்."

"எப்படி ஜெயிப்பான்? அவன் புறாவுக்குப் போட்ட தீனி அப்படி."

கம்பளிக்குள்ளே டப்பா நெளிந்தது. தீனி! லில் நகரத்திலிருந்து தருவித்த சோளம்! எழுந்து ஒரு வார்த்தை கேட்டால்தான் ஆறும் போல இருந்தது. ஆனால் நீலி புகைக்கூண்டுக்கு நேரே வந்துவிட்டாள். கறுப்புக் குவியலைப் பார்த்தாள். இடது பக்கம் திரும்பினாள். தெசிரே பல்லைக் கடித்துக்கொண்டு செத்துக் கிடந்தார்.

அதேல் பூவைக் கட்டிலில் வைக்கக் குனிந்தாள். அதே நேரம் வானத்திலிருந்து ஒரு நீலப் புறா சறுக்கி இறங்கி, பிணத்தின் வயிற்றில் உட்கார்ந்தது.

"பரிசுத்த ஆவி!" என்றாள் அதேல், முழங்கால் மடங்கி.

கூட்டம் முழுவதும் முழந்தாளிட்டது.

கம்பளியின் இரண்டு பக்கமிருந்தும் இரண்டு கைகள் மெதுவாக முளைத்து வந்தன. லபக்கென்று புறாவைப் பிடித்தன. பிணம் எழுந்தது, கட்டிலிலிருந்து குதித்தது, சிவப்புத் தோள்வாரோடு கூண்டைப் பார்த்து ஓடியது.

யார் யார் என்ன கத்தினார்கள் என்று யாருக்கும் தெரியாது. அதேல் மயங்கி விழுந்தாள். ஒருவர் வேலியைத் தாண்டினார். திரும்பிவரும்போது தாண்ட முடியவில்லை. அந்த அமளிக்கு நடுவே ஒரு சத்தம் மட்டும் தெசிரேவுக்குத் தெளிவாகக் கேட்டது. ரப்பர் வளையம் உள்ளே விழ, கைப்பிடியைத் திருக, பந்தயக் கடிகாரம் சொன்ன "க்ளக்".

அவர் நீலியை நெஞ்சோடு சேர்த்துக்கொண்டு வெளியே வந்தார். வீதியே அவரை முறைத்துக்கொண்டு நின்றது.

"உயிரோட இருக்கோமேன்னு கொஞ்சமாவது வெக்கம் இருக்கா உனக்கு?" என்றாள் தெளிந்து எழுந்த அதேல்.

"நான் செத்தேன்னு யார் சொன்னா?"

"உன் பொண்டாட்டி!"

"நான் எங்கடி சொன்னேன்? கறுப்புத் துணி கேட்டேன்."

"அந்த மூஞ்சியோட வந்து கேட்டியே!"

"அது வேஷம்டி. மூணு வாரமா எல்லாருக்கும் சொல்லிட்டிருக்கேனே, நான் நடிக்கிறேன்னு."

"என் மண்வெட்டியைக் குடு," என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

எல்லாரும் சுண்ணாம்பு படிந்த கறுப்பை உதறி உதறி, திட்டிக்கொண்டே வாங்கிப்போனார்கள். பாஸ்கால் மட்டும் நசுங்கிய கோஸ் மேல் உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தான். "இதை நான் எழுதியிருந்தா ஒருத்தரும் நம்பியிருக்க மாட்டாங்க," என்றான்.

பிற்பகலில் பந்தயக்காரர்கள் ஒதெத்தின் காபிக் கடையில் கூடினார்கள். அக்கம்பக்கத்துக் குடியிருப்புகளிலிருந்து வந்த கடிகாரங்கள் மேசைமேல் வரிசையாக நின்றன. சங்கத்துச் செயலாளர் மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொன்றாகத் திறந்து, நேரத்தைப் படித்தார். எல்லாம் மத்தியானத்தை ஒட்டின நேரங்கள். தெசிரேயின் கடிகாரம் வந்தது. செயலாளர் ஒருமுறை பார்த்தார், கண்ணாடியைத் துடைத்து மறுபடி பார்த்தார்.

"தெசிரே," என்றார். "இதுவரைக்கும் முதல் இடம்."

கடை அதிர்ந்தது. ஒதெத் ஜின் பாட்டிலைத் திறந்தாள். லியோனி வேஷம் கலையாத முகத்தோடு எல்லாரையும் முத்தமிட்டாள். எல்லார் கன்னத்திலும் வெள்ளை. தெசிரே மட்டும் ஜன்னலோர நாற்காலியையே பார்த்துக்கொண்டிருந்தார். ஸ்தாஷ் எப்போதும் உட்காரும் இடம். காலியாக இருந்தது.

"ஸ்தாஷ் கடிகாரம் எங்க?"

"கொண்டுவரலை."

"கொண்டுவர மாட்டான்!" தெசிரே மேசைமேல் இருந்த பந்தயக் கோப்பையைக் கையில் எடுத்தார். மேசைகளுக்கு நடுவே, வேண்டுமென்றே சுற்று வழியில், ஸ்தாஷ் நடக்கிற மாதிரியே இடுப்பை ஆட்டி ஆட்டி நடந்தார். காலி நாற்காலிக்கு முன்னால் நின்று குனிந்தார். "மூச்சு வாங்குதா ஸ்தாஷ்? ஏன் பேச்சைக் காணோம்? பொழுது விடிஞ்சதிலேர்ந்து ஒரு சீழ்க்கைகூடக் கேட்கலையே? புறாவுக்கு வயசாச்சா, உனக்கு வயசாச்சா?"

கடை முழுவதும் சிரித்தது. அவர் இருமி இருமிச் சிரித்தார். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தார். ஆனாலும் அந்த முகம் எதிரே தொங்கவேண்டிய நேரத்தில் தொங்காமல் எங்கேயோ ஒளிந்துகொண்டிருந்தது அவருக்கு உறுத்தியது.

"இத்தனை வருஷம் நான் தோத்தேன், ஒரு வருஷமாவது வராம இருந்தேனா? அவன் ஜெயிச்சதைப் பார்க்க வந்தேன்ல? இவனுக்கு மட்டும் என்னவாம்?"

கதவு திறந்தது. ஸ்தாஷின் மனைவி ஹலினா நின்றாள். தலையில் கறுப்பு முக்காடு, ஒரு கையில் துணி மூடிய பணியாரத் தட்டு, இன்னொரு கையில் ஒரு மரப்பெட்டி. சிரிப்பு ஒவ்வொரு மேசையாக அணைந்தது.

அவள் நேரே தெசிரேயிடம் வந்தாள். அவர் கன்னத்தைத் தொட்டுப் பார்த்தாள். பிறகு ஒரு பெருமூச்சு விட்டாள்.

"துக்க வீட்டுக்குப் பலகாரம் கொண்டு போனேன். கூரையில ஏணியும் தோட்டத்துல கட்டிலுமா கிடக்கு, ஆளைக் காணோம். ஆடுதான் நின்னுட்டிருந்தது. வழியில ஒருத்தர் சொன்னார், நீங்க எழுந்து ஓடிட்டீங்கன்னு."

"அதை விடுங்க ஹலினா. உங்க வீட்டுக்காரர் எங்க? தோத்த வெக்கத்துல ஊரை விட்டே போயிட்டாரா?"

"பெத்தூனுக்குப் போயிருக்கார், உங்க அக்கா ஊருக்கு. சைக்கிள்ல. உங்க அக்காவுக்கு வேற யாரோ சொல்லித் தெரியக்கூடாது, நான்தான் சொல்லணும்னு கிளம்பினார். நானும் ஜன்னலைச் சாத்திட்டு ஜெபமாலையோட உட்கார்ந்துட்டேன். இன்னும் திரும்பலை."

 தெசிரே கோப்பையை மேசைமேல் வைத்தார். அது ஒரு பக்கமாகச் சாய்ந்தது; நிமிர்த்தினார்.

"அவர் புறா?" என்றார். "அவர் புறா எப்ப வந்தது?"

ஹலினா மரப்பெட்டியை அவருக்கு முன்னால் வைத்துத் திறந்தாள். உள்ளே இருந்த பந்தயக் கடிகாரம் ஓடவில்லை.

"உங்க நீலி வானத்துல வட்டம் போட்டுக்கிட்டிருக்கும்போதே எங்களுது மூணும் கூண்டுக்குள்ள வந்து நின்னுச்சு தெசிரே, ஆனா சாவு விழுந்தா கடிகாரத்தை நிறுத்தறதுதானே எங்க வழக்கம், அதுக்கு முன்னாடியே, நீங்க போயிட்டீங்கன்னு கேட்ட உடனே அந்த மனுசன் சுவர்ல மாட்டினதை நிறுத்தினார், அழுதுக்கிட்டே வந்து இதையும் நிறுத்திட்டார்."